புதுச்சேரி ஈரக்காற்றில் மொறுமொறு ஓட்ஸ் குக்கீ: எந்த மாவு, எந்த அடுப்பு?

மெல்லிசாக, கடித்ததும் சடக்கென்று உடைகிற ஓட்ஸ் குக்கீயை வீட்டில் சுட்டுப் பார்க்க நினைப்பவர்களுக்குச் செய்முறைக் குறிப்புகளுக்குப் பஞ்சமே இல்லை. ஆனால் அவற்றில் பெரும்பாலானவை குளிர்ந்த, வறண்ட ஊர்ச் சமையலறைகளுக்காக எழுதப்பட்டவை. 'அறை வெப்பநிலையில் உள்ள வெண்ணெய்' என்று அதில் இருந்தால் ஏறக்குறைய 20 டிகிரி என்று பொருள். புதுச்சேரியில் மே மாத மதியத்தில் மேடைமேல் வைத்த வெண்ணெய் கொஞ்ச நேரத்திலேயே குழைந்து எண்ணெய் விட ஆரம்பித்துவிடும். 'டப்பாவில் போட்டு ஒரு வாரம் வைக்கலாம்' என்று இருக்கும். ஐப்பசி, கார்த்திகையில் இங்கே மறுநாளே நமத்துவிடுகிறது.

சுட்ட அன்றைக்கு எந்த முறையில் செய்தாலும் குக்கீ நன்றாகத்தான் இருக்கும். இரண்டு நாள் கழித்து டப்பாவைத் திறக்கும்போது எது இன்னும் உடைகிறது, எது வளைகிறது என்று பார்த்துத்தான் புதுச்சேரி, கடலூர் போன்ற கடலோர ஊர்களில் முறையைத் தேர்ந்தெடுக்க வேண்டும். ருசி அதற்கு அடுத்தபடி. இந்த ஒப்பீடு முழுக்க அந்தக் கணக்கில்தான் போகிறது.

நமத்துப் போவது எதனால்

ஈரம் இரண்டு பக்கமிருந்து வருகிறது. ஒன்று, வெளிக்காற்று. ஒவ்வொரு சர்க்கரைக்கும் ஓர் எல்லை உண்டு. காற்றின் ஈரப்பதம் அந்த எல்லையைத் தாண்டினால் அது தானாகவே நீரை இழுத்துக் கசிய ஆரம்பிக்கும். வெள்ளைச் சர்க்கரையில் இருக்கும் சுக்ரோஸுக்கு அந்த எல்லை சுமார் 85 விழுக்காடு. பழச்சர்க்கரையான ஃப்ரக்டோஸுக்கு 60-ஐ ஒட்டியே வந்துவிடும். தேனில் ஃப்ரக்டோஸ் நிறைய இருக்கிறது. வெல்லத்திலும் நாட்டுச் சர்க்கரையிலும் அது ஓரளவு கலந்திருக்கிறது. நம் கரையிலோ மழைக்காலத்தில் ஈரப்பதம் 80-ஐத் தாண்டுவது சாதாரணம். குக்கீக்குள் சர்க்கரை உருகி இறுகிக் கிடப்பதால் இந்த எல்லைகளுக்கு முன்பே ஈரம் ஏறத் தொடங்கும். ஆனால் எது முதலில் நமத்துப்போகும், எது கடைசியில் நமத்துப்போகும் என்ற வரிசை மாறாது.

இரண்டாவது ஈரம் குக்கீக்கு உள்ளேயே இருக்கிறது. இதைப் பலர் கவனிப்பதில்லை. விளிம்பு சிவந்துவிட்டது என்று தட்டை எடுத்துவிடுவோம். நடுப்பகுதி வெளிறி, கொஞ்சம் ஈரமாகவே இருக்கும். ஆறியதும் விளிம்பு உடையும், எல்லாம் சரியாக வந்ததுபோலத் தெரியும். டப்பாவில் போட்டு மூடியதும் நடுவில் இருக்கும் ஈரம் மெல்ல விளிம்புக்குப் பரவுகிறது. சாயந்திரம் எடுத்தால் மொத்தமும் துவண்டிருக்கும். வெளிக்காற்று உள்ளே போகாமலே நமத்துவிட்டது என்றால் காரணம் இதுதான்.

ஆகவே நமக்கு வேண்டியது, ஈரத்தை அதிகம் இழுக்காத சர்க்கரையும், நடு முதல் விளிம்பு வரை சீராகக் காய்கிற சூடும்.

மூன்று வகை மாவு

வீடுகளில் செய்யப்படுவதை மூன்றாகப் பிரிக்கலாம். உருக்கிய வெண்ணெயும் வெள்ளைச் சர்க்கரையும் அளவான மாவும் சேர்ந்தது முதல் வகை. மாவைப் பேருக்குச் சேர்த்து, வெண்ணெயும் சர்க்கரையும் ஓடிப் பரவி வலை மாதிரி ஓட்டை ஓட்டையாக வருவது இரண்டாவது. நெய், நாட்டுச் சர்க்கரை, கோதுமை மாவு என்று 'உடம்புக்கு நல்லது' எனச் செய்வது மூன்றாவது.

மூன்றாவதிலிருந்தே தொடங்குகிறேன், ஏனென்றால் அதிகம் பேர் கேட்பது அதைத்தான். கடலூர் மஞ்சக்குப்பத்தில் இருக்கும் என் அண்ணியும் அதைத்தான் கேட்டார்: "நாட்டுச் சர்க்கரை போட்டுக் குடுத்தா பிள்ளைங்களுக்கு நல்லதுதானேம்மா?" பண்ருட்டி, நெல்லிக்குப்பம் பக்கமெல்லாம் கரும்பு விளைகிற பூமி. அங்கே வெல்லத்தின் மேல் பிரியம் இருப்பது நியாயம். ஆனால் ஒரு குக்கீயில் நாலைந்து கிராம் இனிப்பு சேருகிறது. அந்த அளவில் நாட்டுச் சர்க்கரை தரும் இரும்புச் சத்தும் தாது உப்பும் கணக்கில் வராது. சர்க்கரை நோய் உள்ளவர்களுக்கு வெள்ளைச் சர்க்கரையும் நாட்டுச் சர்க்கரையும் ஒன்றுதான். "அண்ணி, வாசனைக்காகப் போடுங்க, உடம்புக்குன்னு போடாதீங்க" என்றுதான் சொன்னேன். வாசனை நிஜமாகவே அருமையாக இருக்கும். ஆனால் முழுக்க நாட்டுச் சர்க்கரையில் சுட்டது கடித்தால் இழுபடும் பதத்துக்குத்தான் வரும். மழை நாளில் அன்றைக்கே மெத்தென்று ஆகிவிடும்.

கோதுமை மாவும் இதே திசையில்தான் இழுக்கிறது. அதில் இருக்கும் தவிடு தண்ணீரை அதிகம் குடிக்கும். மாவு கெட்டியாகி, அடுப்பில் பரவாமல் அப்படியே நிற்கும். மெல்லிசு வராது, வந்தாலும் மொறுமொறுப்புக்குப் பதில் கடினம்தான் கிடைக்கும். மைதா வேண்டவே வேண்டாம் என்பவர்கள் கோதுமை மாவின் அளவைக் குறைத்து, ஒரு கரண்டி பால் கூட்டி, உருண்டைகளைக் கையால் நன்றாகத் தட்டி வையுங்கள். ஓரளவு சமாளிக்கலாம்.

நெய் மட்டும் தனிக்கதை. வெண்ணெயில் கொழுப்பு ஏறக்குறைய 80 விழுக்காடு, தண்ணீர் 16 வரை. அந்தத் தண்ணீர்தான் சர்க்கரையைக் கரைத்து மாவை ஓடவிடுகிறது, பிறகு அடுப்பில் ஆவியாகிப் போகிறது. நெய்யில் தண்ணீர் கிட்டத்தட்ட கிடையாது. அதனால் 100 கிராம் வெண்ணெய்க்குப் பதில் 80 கிராம் நெய்யும் ஒரு மேசைக்கரண்டி பாலும் என்று மாற்றினால் சரியாக வரும். வெள்ளைச் சர்க்கரையோடு நெய் சேர்த்தால் மொறுமொறுப்பு குறைவதில்லை. வீட்டில் காய்ச்சிய நெய்யின் வாசனை ஓட்ஸோடு நன்றாகவே ஒட்டும். மூன்றாவது வகையிலிருந்து ஒன்றை மட்டும் எடுத்துக்கொள்ளச் சொன்னால் நெய்யை எடுப்பேன்.

வலை மாதிரி வருகிற இரண்டாவது வகை அழகு. 100 கிராம் ஓட்ஸுக்கு 20 கிராம் மாவு போதும். வெளிச்சத்தில் பிடித்தால் மறுபக்கம் தெரிகிற அளவுக்கு மெலிந்து, தேன் நிறத்தில் வரும். வாயில் வைத்தால் கரையும். ஆனால் அதில் பாதிக்கு மேல் உருகி இறுகிய சர்க்கரையும் கொழுப்பும்தான். காற்றுப் பட்டால் ஒன்றோடு ஒன்று ஒட்டிக்கொள்ளும். தட்டிலிருந்து எடுக்கும் நேரமும் முக்கியம். சூடாக எடுத்தால் கிழியும், ஆறவிட்டால் தாளோடு ஒட்டும். விருந்தாளிகள் வந்து உட்கார்ந்திருக்கும்போது சுட்டு, காபியோடு உடனே வைப்பதற்கு இதைவிட நல்ல தின்பண்டம் இல்லை. டப்பாவில் வைத்து எடுப்பதற்கு இது ஆகாது.

மிச்சம் இருப்பது முதல் வகை. நான் தேர்ந்தெடுப்பதும் அதைத்தான். வெண்ணெயையும் சர்க்கரையையும் நுரைக்க அடிக்கும் வழக்கமான முறையில் காற்று உள்ளே போய்க் குக்கீ உப்பும். அதற்கு வெண்ணெய் 18, 20 டிகிரியில் இருக்க வேண்டும், நம் ஊரில் அது பெரும்பாடு. உருக்கிவிட்டால் காற்றும் இல்லை, வெண்ணெயின் பதத்தைப் பற்றிய கவலையும் இல்லை. மாவு தட்டையாகப் பரவும். நமக்கு வேண்டியதும் அதுதான். இந்த விஷயத்தில் நம் வெயில் நமக்குச் சாதகம்.

அளவு இப்படி வைத்துக்கொள்ளலாம். ஓட்ஸ் 110 கிராம், மைதா 55, அரிசி மாவு 15, வெள்ளைச் சர்க்கரை 100, வாசனைக்கு நாட்டுச் சர்க்கரை 15, உருக்கி ஆறிய வெண்ணெய் 100, பால் இரண்டு மேசைக்கரண்டி, சமையல் சோடா கால் தேக்கரண்டி. உப்புப் போட்ட வெண்ணெய் என்றால் தனியாக உப்பு வேண்டாம். இதில் சின்ன எலுமிச்சை அளவில் 25 உருண்டைகளுக்குக் கொஞ்சம் கூடவே வரும்.

அரிசி மாவு எதற்கு என்று கேட்கலாம். மைதாவில் பசைத்தன்மை இருக்கிறது, அரிசி மாவில் இல்லை. முறுக்கில் அது செய்கிற அதே வேலையை இங்கேயும் செய்கிறது. மைதாவில் கால்பங்குக்கு மேல் மாற்ற வேண்டாம், மணல் மாதிரி உதிரும்.

சர்க்கரையை அப்படியே கொட்டாதீர்கள். நம் கடைச் சர்க்கரையின் பரல் பெரிது, இவ்வளவு குறைந்த ஈரத்தில் முழுசாகக் கரையாது. மிக்சியில் இரண்டு சுற்று விட்டு ரவை பதத்துக்கு உடைத்துக்கொண்டால் போதும். கடையில் விற்கும் ஐசிங் சர்க்கரையில் சோள மாவு கலந்திருப்பதால் அது பரவுவதைக் குறைக்கும்.

சமையல் சோடாவும் பேக்கிங் பவுடரும் ஒன்றுக்கொன்று மாற்று என்று நினைக்கக் கூடாது. பேக்கிங் பவுடர் உப்ப வைக்கும். சோடா மாவைக் காரத்தன்மைக்குக் கொண்டுபோய்ப் பரவவும் சிவக்கவும் உதவும். கால் தேக்கரண்டிக்கு மேல் போனால் சோப்பு வாடை வந்துவிடும்.

முட்டை சேர்ப்பவர்கள் பாலுக்குப் பதிலாக ஒரு முட்டையின் வெள்ளைக்கருவை மட்டும் சேர்க்கலாம். முழு முட்டை போட்டால் கேக் பக்கம் சாயும். உண்மையில் இந்த வகைக் குக்கீக்கு முட்டை தேவையே இல்லை. பாலில் செய்தது இன்னும் மெல்லிசாக, இன்னும் எளிதில் உடைவதாக வருகிறது. புரட்டாசியில் முட்டை தொடாத வீடுகளுக்கு இதில் எந்த நஷ்டமும் இல்லை.

ஓட்ஸில், அவல் மாதிரி முழுசாகத் தட்டிய ரோல்டு ஓட்ஸ் ஒன்று, சின்னச் சின்னத் துண்டாக இருக்கும் உடனே வேகும் ஓட்ஸ் இன்னொன்று. எல்லா மளிகைக் கடைகளிலும் கிடைப்பது இரண்டாவது. அது சீக்கிரம் ஈரத்தை உறிஞ்சி மாவை இறுக்கிவிடும், கடித்தால் ஓட்ஸ் இருப்பதும் அவ்வளவாகத் தெரியாது. முடிந்தால் முழு ஓட்ஸ் வாங்குங்கள். பெரிய சூப்பர் மார்க்கெட்டுகளில் கிடைக்கிறது. துண்டு ஓட்ஸ்தான் கையில் இருக்கிறது என்றால் பத்து கிராம் குறைத்துப் போட்டு, பிசைந்ததும் தாமதிக்காமல் சுடுங்கள். எதுவானாலும் வெறும் வாணலியில் ஐந்து நிமிடம் சிறுதீயில் வறுத்து, முழுக்க ஆறவிட்டுச் சேருங்கள். பச்சை வாசனை போகும், கொஞ்சம் ஈரமும் போகும்.

திராட்சை, பேரீச்சை, சாக்லேட் துண்டு எதுவும் இதில் வேண்டாம். உலர்ந்த பழமும் தன் ஈரத்தைக் குக்கீக்கு விட்டுக்கொடுக்கும். பண்ருட்டி முந்திரி கையில் இருந்தால் பொடியாக நறுக்கி ஒரு கைப்பிடி சேர்க்கலாம். முழுப் பருப்பாகப் போட்டால் மெல்லிசாகத் தட்ட முடியாது.

டால்டா, மார்கரின் பற்றி ஒரு வரி: அவை உருகும் சூடு அதிகம் என்பதால் குக்கீ பரவாது, வாயிலும் மெழுகு மாதிரி நிற்கும். வெண்ணெய் வாங்க முடியாவிட்டால் தேங்காய் எண்ணெய் அவற்றைவிட நல்ல மாற்று.

அடுப்பு

எந்த அடுப்பு என்பதைவிட எந்தச் சூடு என்பது முக்கியம். பல குறிப்புகளில் 180 டிகிரி என்று இருக்கும். அந்தச் சூட்டில் விளிம்பு சிவந்துவிடும், நடுவில் ஈரம் தங்கிவிடும். 160-இல் வைத்து நாலைந்து நிமிடம் கூடுதலாக விட்டால் சீராகக் காயும். தட்டிய உருண்டை நாலு மில்லிமீட்டர் கனம் இருந்தால் 15 முதல் 18 நிமிடம் ஆகும். நடுப்பகுதியும் விளிம்பும் ஒரே நிறத்துக்கு வந்திருக்க வேண்டும், அதுதான் அடையாளம். எடுக்கும்போது மெத்தென்று இருந்தால் பயப்பட வேண்டாம், ஆறும்போதுதான் சர்க்கரை இறுகும்.

கம்பிகள் சூடாகிச் சுடும் சின்ன மின்அடுப்பான ஓ.டி.ஜி. இருந்தால் வேறு யோசனையே வேண்டாம். மேல் கம்பி, கீழ்க் கம்பி இரண்டும் எரிய, நடுத்தட்டில் வையுங்கள். அணைத்த பிறகு கதவைக் கொஞ்சம் திறந்து, ஒரு மரக்கரண்டியை இடையில் செருகி, பத்து நிமிடம் உள்ளேயே விடுங்கள். கடைசி ஈரம் அப்போதுதான் போகிறது. மழைக்காலத்தில் இந்தப் பத்து நிமிடத்தை விடவே கூடாது. ஓ.டி.ஜி. திருகில் காட்டும் சூடும் உள்ளே இருக்கும் சூடும் பல சமயம் ஒத்துப்போகாது. உள்ளே வைக்கும் சின்ன வெப்பமானி ஒன்று வாங்கிவிட்டால் ஊகம் தேவையில்லை.

ஏர் ஃப்ரையர் இப்போது பல வீடுகளுக்கு வந்துவிட்டது. குக்கீக்கு அது ஆகாது என்ற பேச்சை நான் ஏற்பதில்லை. வேகமாகச் சுற்றும் காற்று ஈரத்தை அடித்துக்கொண்டு போகிறது, நமக்கு வேண்டியது அதுதானே. குறை என்னவென்றால் ஒரு தடவைக்கு நாலைந்துதான் வைக்க முடியும். கனமில்லாத தாளும் காற்றில் எழும்பி மாவின் மேல் விழும், அதனால் தாளைக் குக்கீயின் அளவுக்கே வெட்டி வைக்க வேண்டும். 150 டிகிரியில் எட்டு நிமிடத்திலேயே எட்டிப் பாருங்கள். 1,500 வாட் ஓ.டி.ஜி.யைச் சூடாக்கும் நேரத்தையும் சேர்த்து 40 நிமிடம் ஓட்டினால் ஏறக்குறைய ஒரு யூனிட் மின்சாரம் போகும். இரண்டு பேர் இருக்கும் வீட்டில் ஆறு குக்கீக்காக அதை ஏற்றுவதைவிட ஏர் ஃப்ரையர் மேல்.

கன்வெக்ஷன் மைக்ரோவேவில் விசிறி இருப்பதால் மேல்பக்கம் நன்றாகக் காயும். பல மாடல்களில் கீழிருந்து சூடு வராது, அடி வெளுத்து நிற்கும். உயரமான கம்பித் தாங்கியை விட்டுத் தாழ்ந்த தாங்கியில் கறுப்புத் தட்டை வைத்தால் கொஞ்சம் சரியாகும். வெறும் மைக்ரோவேவ் முறையில் சுட முயலவே வேண்டாம்.

குக்கர், கனமான வாணலி இவற்றில் உப்பைக் கொட்டிச் சுடுவது கேக்குக்குச் சரி. மெல்லிய குக்கீக்கு நான் சிபாரிசு செய்ய மாட்டேன். சூடு அடியிலிருந்து மட்டும் வருகிறது, மேலே மூடி. குக்கீ விடும் ஆவிக்குப் போக வழியில்லை. அடி கருகும், மேலே வியர்க்கும். அதுதான் வழி என்றால் நெருப்பை மிகச் சிறியதாக வைத்து, கடைசி ஐந்து நிமிடம் மூடியை ஒருக்களித்துத் திறந்து வையுங்கள்.

தாள் வாங்கும்போது ஒரு கவனம். பட்டர் பேப்பர் என்ற பெயரில் விற்கும் எல்லாமே அடுப்புக்கு ஆகாது. மெழுகு பூசிய தாள் சூட்டில் உருகிப் புகையும். அட்டையில் எத்தனை டிகிரி வரை தாங்கும் என்று போட்டிருப்பதைப் பார்த்து வாங்குங்கள்.

மொத்தமாகச் சுடுவதா, மாவாக வைப்பதா

என் கணக்கில் அடுப்பைவிடப் பெரிய முடிவு இது. ஒரே நாளில் எல்லாவற்றையும் சுட்டு டப்பாவில் அடைப்பது ஒரு வழி. மாவைச் சுருட்டி உறைய வைத்து, வேண்டும்போது வேண்டிய அளவு சுடுவது இன்னொரு வழி.

பங்குனி, சித்திரையில் காற்று கொஞ்சம் வறண்டிருக்கும் நாட்களில் முதல் வழி போதும். குக்கீ முழுக்க ஆறிய பிறகுதான் டப்பாவில் போட வேண்டும். இளஞ்சூட்டில் மூடினால் மூடிக்குள் ஆவி வியர்த்துத் திரும்பவும் குக்கீ மேலேயே சொட்டும். நம் எவர்சில்வர் டப்பாக்களின் மூடி பார்க்க இறுக்கமாக இருந்தாலும் காற்றை முழுக்கத் தடுப்பதில்லை. ரப்பர் வளையம் வைத்த கண்ணாடிச் சாடியோ, கிளிப் வைத்த பிளாஸ்டிக் டப்பாவோ நல்லது. உணவுக்கென்று விற்கும், ஈரத்தை உறிஞ்சும் சிலிக்கா ஜெல் பொட்டலம் ஒன்று உள்ளே போடலாம். பெரிய டப்பா ஒன்றைவிடச் சின்னது மூன்று மேல், திறக்கும்போதெல்லாம் மொத்தமும் காற்றுப் படாது. ஃப்ரிட்ஜில் மட்டும் வைக்காதீர்கள். வெளியே எடுத்துத் திறந்ததும் குளிர்ந்த குக்கீ மேல் காற்றின் ஈரம் படிந்துவிடும்.

நமத்துவிட்டால் தூக்கிப் போட வேண்டியதில்லை. 130 டிகிரியில் ஐந்தாறு நிமிடம் வைத்து ஆறவிட்டால் மொறுமொறுப்பு திரும்பும். நாட்டுச் சர்க்கரையில் செய்தது அவ்வளவாகத் திரும்பாது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

ஆனால் வடகிழக்குப் பருவமழை தொடங்கிய பிறகு, அக்டோபர் முதல் டிசம்பர் வரை, நான் இரண்டாவது வழியைத்தான் சொல்வேன். மாவை நீள உருளையாகச் சுருட்டி, தாளில் சுற்றி, ஒரு மணி நேரம் ஃப்ரிட்ஜில் இறுக வையுங்கள். பிறகு கூர்மையான கத்தியால் அரை சென்டிமீட்டர் வில்லைகளாக வெட்டி ஃப்ரீசரில் அடுக்குங்கள். ஒரு மாதம் தாராளமாக இருக்கும். ஓட்ஸ் ஈரத்தைக் குடித்திருப்பதாலும் மாவு உறைந்திருப்பதாலும் வில்லை அதிகம் பரவாது. அதனால் தட்டில் வைத்து ஐந்து நிமிடம் இளகவிட்டு, அடியில் தண்ணீர் தொட்ட டம்ளரால் அழுத்தி மெலிதாக்கிவிட்டுச் சுட வேண்டும். பிள்ளைகள் பள்ளிவிட்டு வரும் நேரத்தில் ஆறு குக்கீ, ஆறும் புதுசு. டப்பா, சிலிக்கா ஜெல், மறுசூடு எதுவும் தேவைப்படாது.

தீபாவளிக்கு அக்கம்பக்கத்தில் கொடுக்க நினைப்பவர்களுக்கு மட்டும் இது உதவாது. தீபாவளி வருவதே மழையின் நடுவில். 25 பேருக்கு மேல் கொடுக்க வேண்டியிருந்தால் அடுமனையில் வாங்கிவிடலாம். புதுச்சேரியில் பிரெஞ்சு முறைப்படி மெல்லிய பிஸ்கட் சுடும் கடைகள் இருக்கின்றன, அவர்களுடைய பெரிய அடுப்பு காய வைப்பதுபோல நம் அடுப்பு காய வைக்காது. வீட்டில் செய்ததைத்தான் கொடுப்பேன் என்றால், அந்த ஒரு தடவை நாட்டுச் சர்க்கரை 15 கிராமையும் விட்டுவிட்டு முழுக்க வெள்ளைச் சர்க்கரையில் செய்யுங்கள். முதல் நாள் இரவு சுட்டு, அடுப்புக்குள்ளேயே ஆறவிட்டு, பத்துப் பத்தாகப் பொட்டலம் போட்டு இறுக மூடிவிடுங்கள். கொடுக்கும்போது ஒரு வார்த்தை சொல்லிவிடுங்கள்: "பிரிச்சா அன்னைக்கே சாப்பிட்டுடுங்க."